நீதிமன்றக் கட்டளையும் எமது கடதாசிகளும்

காலபோகம் தொடங்குவதற்குச் சற்று முன்னர் ஒரு கமக்காரர் எமது பணியகத்துக்கு வந்தார். கையில் ஒரு பொலித்தீன் பை. அதற்குள் நான்காக மடித்த ஒரு நிழற்பிரதி. பலமுறை இடம்பெயர்ந்து, மீளக் குடியமர்ந்து, சில போகங்கள் செய்த அவருடைய வயலுக்குள் பக்கத்துக் காணிக்காரர் புகுந்துவிட்டார். விடயம் பொலிசுக்குப் போய், அங்கிருந்து நீதவான் நீதிமன்றத்துக்குப் போய், வயலின் ஆட்சி இவருக்கே என்று கட்டளையும் கிடைத்தது. ஆனால் பசளை மானியத்துக்குப் போனபோது அலுவலகத்தில் இவரைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். இடாப்பில் மற்றவருடைய பெயரே இருக்கிறது, கட்டளை எதுவும் தமக்கு வரவில்லை என்பது அவர்கள் சொன்ன காரணம்.

"பாதர், நீதவான் தந்த கட்டளையையே உவை மதிக்கேல்லை. உது நீதிமன்ற அவமதிப்புத்தானே? உவையை மறியலுக்கு அனுப்ப வேணும்" என்றார்.

அவருடைய கோபம் நியாயமானது. ஆனால் அந்தக் கடதாசியை விரித்துப் பார்த்தபோது மூன்று குறைகள் தெரிந்தன. முதலாவது, அதில் நீதிமன்றத்தின் முத்திரையோ பதிவாளரின் கையொப்பமோ இல்லை. அது வெறும் நிழற்பிரதி. இரண்டாவது, அந்த அலுவலகம் வழக்கில் ஒரு தரப்பு அல்ல. கட்டளையை ஒருவரும் அங்கே முறைப்படி கையளிக்கவும் இல்லை. மூன்றாவதே பெரிய குறை. அவருடைய அனுமதிப்பத்திரத்தில் காணித்துண்டின் இலக்கம் 117. கட்டளையில் இருந்ததோ 171. அந்தப் பிழையை நீதிமன்றம் செய்யவில்லை. அவர் கையொப்பமிட்டுக் கொடுத்த சத்தியக்கடதாசியிலேயே இலக்கம் மாறியிருந்தது.

இத்தகைய குடும்பங்களை நாம் அடிக்கடி சந்திக்கிறோம். ஆகவே நீதிமன்ற அவமதிப்பு என்றால் என்ன, எது அவமதிப்பு ஆகாது, அரச அலுவலகத்துக்கு முன் எமது கடதாசிகள் எப்படி இருக்க வேண்டும் என்பவற்றை இங்கே விளக்க விரும்புகிறோம்.

அவமதிப்பு என்றால் என்ன?

நீதிமன்ற அவமதிப்பைப் பொதுவாக இரண்டு வகையாகப் பார்க்கலாம். நீதிமன்றத்தின் கண்முன் அதன் அலுவலைக் குழப்புவது, நீதிபதியை அவமதிப்பது, நீதி வழங்கலுக்கு இடையூறு செய்வது ஆகியன ஒரு வகை. நீதிமன்றம் இட்ட கட்டளையை அறிந்துகொண்டே வேண்டுமென்று மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை மீறுவதும் மற்ற வகை. எமது காணிப் பிரச்சினைகளில் பெரும்பாலும் வருவது இந்த இரண்டாவது வகைதான்.

இலங்கை அரசியலமைப்பின் 105(3)ஆம் உறுப்புரை, தம்மை அவமதிப்போரைத் தண்டிக்கும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்கும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் கொடுத்துள்ளது. வேறு நீதிமன்றங்களுக்கு நேர்ந்த அவமதிப்பையும் மேன்முறையீட்டு நீதிமன்றம் விசாரிக்கலாம். 2016 சனவரியில் ஹோமாகம நீதவான் நீதிமன்றத்தில் குழப்பம் விளைவித்த ஒரு பௌத்த பிக்குவுக்கு 2018 ஆகஸ்டில் சிறைத்தண்டனை விதித்தது மேன்முறையீட்டு நீதிமன்றமே. மாவட்ட, நீதவான் நீதிமன்றங்களுக்கும் தம்முன் நிகழும் அவமதிப்புக்குத் தண்டனை கொடுக்க ஓரளவு அதிகாரம் உண்டு. நெடுங்காலமாகப் பல சட்டங்களிலும் தீர்ப்புகளிலும் சிதறிக் கிடந்த இந்த விடயத்துக்கு 2024ஆம் ஆண்டின் 8ஆம் இலக்கச் சட்டம் தனிச் சட்டமாக வந்தது.

அவமதிப்புக் குற்றச்சாட்டுக்கு உள்ளானவர் சிறைக்கும் போக நேரலாம். அதனால் நீதிமன்றம் அதனை இலகுவில் ஏற்பதில்லை. குற்றச்சாட்டை எழுத்தில் கொடுத்து, காரணம் காட்டும்படி கேட்டு, அவர் மறுத்தால் சாட்சியங்களை விசாரிக்கும். நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் அது எண்பிக்கப்பட வேண்டும். கட்டளை தெளிவாக இருந்ததா? அது எதிராளிக்குத் தெரியுமா? தெரிந்தும் வேண்டுமென்றே மீறினாரா? இந்த மூன்று கேள்விகளுக்கும் எமது கையிலுள்ள கடதாசிகளே பதில் சொல்ல வேண்டும். எம்மிடம் வந்த கமக்காரரின் நிழற்பிரதி இவற்றில் ஒன்றுக்கும் பதில் சொல்லவில்லை.

எது அவமதிப்பு ஆகாது?

பிரதேச செயலாளரோ அரசாங்க அதிபரோ அமைச்சரோ எழுதிய கடிதம் நீதிமன்றக் கட்டளை அல்ல. கூட்டத்தில் தந்த வாக்குறுதியும் அப்படியே. அவற்றை ஓர் உத்தியோகத்தர் நிறைவேற்றாவிட்டால் அது கடமை தவறுதலாக இருக்கலாம், அவமதிப்பு ஆகாது.

ஓர் உத்தியோகத்தர் சட்டப்படி செய்ய வேண்டிய கடமையைச் செய்ய மறுத்தால் அதற்கு வேறு வழி உண்டு. அந்தக் கடமையைச் செய்யும்படி பணிக்கும் எழுத்தாணையை மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் கேட்கலாம். விடயம் மாகாண சபையின் அதிகாரத்துக்குள் அடங்குமானால் மாகாண மேல் நீதிமன்றத்திலும் கேட்கலாம். அடிப்படை உரிமை மீறப்பட்டிருந்தால் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். அதற்கு ஒரு மாதமே தவணை. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நடக்கும் காலம் இந்தத் தவணையில் சேர்க்கப்படாது. இப்படிப் பெற்ற எழுத்தாணையையோ கட்டளையையோ பின்னர் ஓர் உத்தியோகத்தர் அறிந்தே மீறுவாரானால், அப்போதுதான் அவமதிப்பு என்ற பேச்சு எழும்.

அந்தச் சொல்லை அலுவலக வாசலில் உரத்துச் சொல்வதால் பயன் இல்லை. உத்தியோகத்தர் எதையும் எழுத்தில் தராமல் ஒதுங்கிக்கொள்வார். எமக்கும் பகைதான் மிஞ்சும்.

கட்டளை கிடைத்ததும் செய்ய வேண்டியவை

கட்டளை கிடைத்த அன்றே, அல்லது அடுத்த சில நாட்களுக்குள், அத்தாட்சிப்படுத்திய பிரதிக்கு நீதிமன்றப் பதிவாளரிடம் விண்ணப்பியுங்கள். ஒன்றுக்கு மேற்பட்ட பிரதிகளைப் பெறுவது நல்லது.

பிரதி கிடைத்ததும் வீட்டில் வைத்து வரிவரியாக வாசியுங்கள். பெயர், காணித்துண்டின் இலக்கம், பரப்பளவு, நான்கு எல்லைகள், நில அளவைப் பட இலக்கம் ஆகியன உங்கள் உறுதியோடு அல்லது அனுமதிப்பத்திரத்தோடு பொருந்துகின்றனவா என்று பாருங்கள். பிழை இருந்தால் சட்டத்தரணி மூலம் நகர்த்தல் பத்திரம் அணைத்து நீதிமன்றத்திலேயே திருத்துவியுங்கள். வடக்கிலும் கிழக்கிலும் நீதிமன்ற மொழி தமிழ். ஆனால் கொழும்பிலுள்ள மேல்நிலை நீதிமன்றங்களிலிருந்து ஆங்கிலத்தில் வரும் கட்டளையை, விளங்கியது போல மடித்து வைக்காமல், சட்டத்தரணியைக் கொண்டு தமிழில் சொல்லக் கேளுங்கள்.

அடுத்ததாக, கட்டளையால் பாதிக்கப்படும் ஒவ்வோர் அலுவலகத்துக்கும் ஒரு கடிதத்தோடு பிரதியைக் கையளியுங்கள். கடிதத்தின் இரண்டாம் பிரதியில் திகதி முத்திரையும் கையொப்பமும் பெறுங்கள். தர மறுத்தால் பதிவுத் தபாலில் அனுப்பி, தபால் பற்றுச்சீட்டை வைத்திருங்கள். "எங்களுக்கு வரவில்லை" என்ற பதிலுக்கு அந்தச் சிறிய பற்றுச்சீட்டே மறுமொழி.

அலுவலகத்தில் என்ன பதிவு இருக்கிறது என்று தெரியாவிட்டால், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேளுங்கள். விண்ணப்பம் கிடைத்ததற்கான எழுத்து மூல அத்தாட்சியைத் தருவதும், 14 வேலை நாட்களுக்குள் தகவல் தருவதா இல்லையா என்று தீர்மானிப்பதும் தகவல் அலுவலரின் கடமை. "இடாப்பில் எனது காணி யாருடைய பெயரில், எந்த ஆவணத்தின் அடிப்படையில் பதியப்பட்டிருக்கிறது?" என்று ஒரு கேள்வி கேட்பதே பல மாத அலைச்சலைக் குறைக்கும்.

கட்டளை எம்மையும் கட்டும்

இதனை நாம் பெரும்பாலும் மறந்துவிடுகிறோம். காணித் தகராறால் சமாதானம் குலையும் என்ற நிலையில், 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் பொலிசார் அல்லது தரப்பினர் நீதிமன்றத்துக்குத் தகவல் கொடுப்பர். அங்கே பார்க்கப்படுவது, தகவல் கொடுத்த நாளில் வயல் யாருடைய ஆட்சியில் இருந்தது, அதற்கு முந்திய 2 மாதங்களுக்குள் எவராவது பலவந்தமாக வெளியேற்றப்பட்டாரா என்பதே. சொந்தம் யாருக்கு என்ற முடிவு மாவட்ட நீதிமன்றத்துக்கு உரியது. இந்த வழக்கில் இடப்படும் கட்டளையை மீறுவது அந்தச் சட்டத்தின் கீழ் தண்டனைக்குரிய குற்றம். வழக்கு முடியும்வரை விதைக்கக் கூடாது என்று நீதவான் சொல்லியிருக்க, மழை வந்துவிட்டதே என்று உழவு இயந்திரத்தை இறக்குபவர், தம் பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தாலும், குற்றவாளியாக நிற்க நேரும்.

அழைப்பாணை கிடைத்தும் போகாமல் விடுவது, வழக்கு முடியுமுன் எல்லைக் கதியாலைப் பிடுங்குவது, பொய்யான சத்தியக்கடதாசி கொடுப்பது ஆகியனவும் எம்மைச் சிக்கலில் மாட்டும். இடம்பெயர்ந்து முகவரி மாறியிருந்தால் அதனை நீதிமன்றத்துக்கும் சட்டத்தரணிக்கும் அறிவியுங்கள். பழைய முகவரிக்குப் போன அழைப்பாணையால் தவணை தவறி வழக்கை இழந்தவர்கள் எம்மிடையே உண்டு.

கடதாசிகளைச் சரிபார்த்தல்

உறுதிக் காணி: நொத்தாரிசு முன் எழுதிய உறுதியின் ஒரு பிரதி உரியவரிடமும், மற்றொரு பிரதி நொத்தாரிசிடமும், இரண்டாம் பிரதி காணிப் பதிவகத்திலும் இருக்கும். ஆகவே வீட்டோடு உறுதி எரிந்துபோனாலும் காணி எரிந்துபோவதில்லை. உறுதி இலக்கம், திகதி, நொத்தாரிசின் பெயர் தெரிந்தால் பதிவகத்தில் தேடிப் பிரதி எடுக்கலாம். அவை தெரியாவிட்டாலும், காணியின் பெயரையும் இடத்தையும் கொண்டு தோம்பு தேடலாம். தேடும்போது உங்கள் உறுதி பதியப்பட்டிருக்கிறதா, அதன் பின்னர் வேறு எவராவது உறுதி பதிந்திருக்கிறார்களா என்பதையும் பாருங்கள். பதியாமல் பெட்டியில் வைத்த முந்திய உறுதியை, பெறுமதி கொடுத்து வாங்கி முறையாகப் பதிந்த பிந்திய உறுதி முந்திக்கொள்ளக் கூடும்.

அனுமதிப்பத்திரக் காணி: பேமிற் காணி என்று நாம் சொல்வது பெரும்பாலும் 1935ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வழங்கப்பட்டது. அதன் பதிவு பிரதேச செயலகத்துக் காணிக் கிளையில் இருக்கும். அனுமதிப்பத்திர இலக்கம், பின்னுரித்தாளராக யார் நியமிக்கப்பட்டிருக்கிறார் என்பவற்றை அங்கே சரிபார்க்க வேண்டும். அனுமதிப்பத்திரம் பெற்றவர் போரில் இறந்திருந்தால் இது மிகவும் அவசியம். இத்தகைய காணியை அனுமதியின்றி விற்க முடியாது. முத்திரை ஒட்டி எழுதிய கடதாசியை நம்பிப் பணம் கொடுத்த குடும்பங்கள் பல. சட்டத்தின் முன் அந்தக் கடதாசி காணியைத் தராது.

அரச காணியில் அனுமதியின்றி இருப்பதாகக் கருதப்படுபவருக்கு 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வெளியேறும் அறிவித்தல் வரலாம். அதன்படி வெளியேறாவிட்டால் விடயம் நீதவான் நீதிமன்றத்துக்குப் போகும். அங்கே செல்லுபடியான அனுமதிப்பத்திரத்தையோ அரசின் வேறு எழுத்து மூல அதிகாரத்தையோ காட்டுவதே ஒருவர் சொல்லக்கூடிய நியாயம். எத்தனை வருடம் இருந்தோம், எத்தனை தென்னை வைத்தோம் என்பது அங்கே எடுபடாது. ஆகவே அறிவித்தல் கையில் கிடைத்த அன்றே சட்டத்தரணியிடம் போக வேண்டும்.

பெயரும் பிறப்பும்: பிறப்புச் சான்றிதழில் சின்னத்தம்பி, அடையாள அட்டையில் சின்னதம்பி, அனுமதிப்பத்திரத்தில் முதலெழுத்தே வேறு என்பது எமது குடும்பங்களில் வழக்கமாகிவிட்டது. இரண்டு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்று சமாதான நீதவான் முன் சத்தியக்கடதாசி முடிக்கலாம். பிறப்புப் பதிவிலேயே பிழை இருந்தால் மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் திருத்த விண்ணப்பிக்கலாம். ஒருபோதும் பேனாவால் நீங்களே திருத்த வேண்டாம். ஓர் எழுத்தைத் திருத்தினாலும் உண்மையான ஆவணம் சந்தேகத்துக்குரிய ஆவணமாகிவிடும். பணம் வாங்கிக்கொண்டு "பழைய திகதியில் பேமிற் எடுத்துத் தருகிறேன்" என்பவர்களை நம்பவும் வேண்டாம். போலி ஆவணத்தை அறிந்துகொண்டே உண்மையானதாகக் காட்டுபவரும் குற்றவாளியே. தரகர் மறைந்துவிடுவார், கூண்டில் நிற்பது நீங்களாக இருக்கும்.

தவணை காத்திருப்பதில்லை

2025 மார்ச் 28ஆம் திகதி வெளியான ஒரு வர்த்தமானி அறிவித்தலை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வெளியான அந்த அறிவித்தல், வட மாகாணத்தில் ஏறத்தாழ 5,940 ஏக்கர் காணிக்கு உரிமை கோருவோர் 3 மாதங்களுக்குள் தமது கோரிக்கையை முன்வைக்க வேண்டும் என்றது. உரிமையாளர்களில் பலர் இடம்பெயர்ந்தவர்கள். பலர் கடல் கடந்தவர்கள். பலரிடம் ஆவணமே இல்லை. அதே ஆண்டு யூன் மாதத்தில் உயர் நீதிமன்றம் அந்த அறிவித்தலை இடைநிறுத்தி இடைக்காலக் கட்டளை இட்டது. அந்தக் கட்டளை ஆறுதல் தந்தது. ஆனால் அந்த 3 மாதங்களில் உறுதியைத் தேடி அலைந்தவர்களின் பதற்றத்தை நாம் நேரில் கண்டோம்.

இன்னோர் உதாரணமும் உண்டு. 1983 மே 1ஆம் திகதி தொடக்கம் 2009 மே 18ஆம் திகதி வரை ஆயுதக் குழுக்களின் செயற்பாடுகளால் தமது காணி உரிமையை நிலைநாட்ட முடியாதிருந்தவர்களுக்கு எதிராக, பிறர் ஆண்ட காலம் கணக்கில் எடுக்கப்படாது என்று 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் நிவாரணம் தந்தது. ஆனால் வழக்கை 2 ஆண்டுகளுக்குள் தொடுக்க வேண்டியிருந்தது. அந்த வாய்ப்பு முடிந்த பின்னரே பலர் அதனைக் கேள்விப்பட்டார்கள். தேவை வரும்போது தேடலாம் என்று ஆவணத்தை விட்டுவைக்கக் கூடாது என்பதற்கு இவை போதும்.

அந்தக் கமக்காரர்

எம்மிடம் வந்தவர் அவமதிப்பு வழக்குத் தொடரவில்லை. முதலில் பிரதேச செயலகத்துக் காணிக் கிளையில் காணித்துண்டின் இலக்கத்தை உறுதிப்படுத்தும் கடிதம் பெற்றார். சட்டத்தரணி நகர்த்தல் பத்திரம் அணைக்க, நீதிமன்றம் கட்டளையிலுள்ள இலக்கத்தைத் திருத்தியது. முத்திரையிட்ட பிரதியை ஒரு கடிதத்தோடு அலுவலகத்தில் கையளித்து, திகதி முத்திரை பெற்றுக்கொண்டார். இடாப்பில் அவருடைய பெயர் ஏறியது. மற்றவரும் வரம்பைத் தாண்டவில்லை. ஆனால் இவ்வளவும் முடியும்போது அந்தக் காலபோகம் போய்விட்டது. இரண்டு இலக்கங்கள் இடம் மாறியதற்கு அந்தக் குடும்பம் கொடுத்த விலை ஒரு போகத்து நெல்.

எல்லாக் கதையும் இப்படிச் சுமுகமாக முடியும் என்று நாம் சொல்ல வரவில்லை. கட்டளையைத் தெரிந்தே காலால் தள்ளுபவர்களும் இருக்கிறார்கள். 2019 செப்டெம்பரில் முல்லைத்தீவு நீராவியடியில் நீதிமன்றக் கட்டளைக்கு மாறாக, பிள்ளையார் கோவிலுக்கு அருகில் ஒரு பிக்குவின் உடல் தகனம் செய்யப்பட்டதை நாடே கண்டது. அப்படிப்பட்ட வேளையில் அவமதிப்பு நடவடிக்கையைக் கேட்பது எமது உரிமை. அதற்குத் தயங்கவும் கூடாது. வசதி இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகங்களை நாடலாம். ஆனால் அந்த வாசலைத் தட்டும்போதும் முதலில் கேட்கப்படுவது, "கட்டளையின் அத்தாட்சிப்படுத்திய பிரதி எங்கே? கையளித்ததற்கு அத்தாட்சி எங்கே?" என்பதே.

திருவிவிலியத்தில் எரேமியா இறைவாக்கினர் செய்த ஒரு காரியம் எமக்கு இங்கே நினைவுக்கு வருகிறது. எருசலேம் முற்றுகையிடப்பட்டு, ஊரே கைவிட்டுப் போகும் நிலையில் அவர் தம் உறவினரின் நிலத்தை விலைக்கு வாங்கினார். சாட்சிகள் முன்னிலையில் பத்திரம் எழுதி, முத்திரையிட்ட பிரதியையும் திறந்த பிரதியையும் நெடுநாள் பழுதாகாதிருக்க ஒரு மண்பாண்டத்தில் வைக்கச் செய்தார். திரும்பி வருவோம் என்ற நம்பிக்கையை அவர் வாயால் மட்டும் சொல்லவில்லை, கடதாசியிலும் பத்திரப்படுத்தினார்.

எமக்கு மண்பாண்டம் வேண்டாம். நீர் புகாத ஓர் உறை போதும். இந்த வாரத்தில் ஒருநாள் மாலை, குடும்பமாக இருந்து உறுதி, அனுமதிப்பத்திரம், பிறப்பு, இறப்பு, விவாகச் சான்றிதழ்கள், வழக்குக் கட்டளைகள் எல்லாவற்றையும் விரித்து, பெயர்களையும் இலக்கங்களையும் ஒன்றோடொன்று ஒப்பிட்டுப் பாருங்கள். வாசிக்கத் தெரிந்த பிள்ளை உரத்து வாசிக்கட்டும். ஒவ்வொன்றிலும் ஒரு பிரதி எடுத்து வேறோர் ஊரிலுள்ள உறவினர் வீட்டில் வையுங்கள். பிழை காணப்பட்டால் அடுத்த போகம் தொடங்குமுன் அதனைத் திருத்துவியுங்கள்.